பயண ஏற்பாட்டாளரைப் பற்றி உள்ளூர்ச் சங்கத்திடம் விசாரிப்பது எப்படி

1993 மார்ச் 22 அன்று இங்கிலாந்தின் தென்கரையில் உள்ள லைம் விரிகுடாவில் கயாக் என்ற சிறு துடுப்புப் படகு ஓட்டப் போன ஒரு பள்ளிக் குழுவில் நான்கு பிள்ளைகள் கடலில் இறந்துபோனார்கள். எல்லோரும் பதினாறு, பதினேழு வயது. அவர்களை அழைத்துப்போன பயிற்சி மையத்தில் அதற்கு முந்தைய ஆண்டு வேலை பார்த்த பயிற்றுநர்கள், பாதுகாப்பு சரியில்லை என்று சொல்லி விலகியிருந்தார்கள். நிர்வாகத்துக்கு எழுத்திலேயே எச்சரிக்கை கொடுத்திருந்தார்கள். அந்தக் கடிதம் நிர்வாகத்தின் கைக்குப் போனது. பிள்ளைகளை அனுப்பி வைத்தவர்களின் கைக்குப் போகவில்லை. 1995-ல் பிரிட்டனில் இதற்கென்றே தனிச் சட்டம் வந்தது; 18 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு இப்படிப்பட்ட சாகச விளையாட்டுகளைக் காசு வாங்கி நடத்துவதற்கு உரிமம் கட்டாயமானது.

மலையேற்றம், ராஃப்டிங் (ரப்பர் படகில் ஆற்றின் வேகத்தில் போவது), ஸ்கூபா (காற்றுக் கலனோடு நீருக்கடியில் நீந்துவது), பாராகிளைடிங் (துணிச் சிறகில் பறப்பது), காட்டுப் பயணம் எதுவாக இருந்தாலும், மோசமான ஏற்பாட்டாளர் யார் என்று அந்தத் தொழிலில் இருப்பவர்களுக்கு முன்கூட்டியே தெரிந்திருக்கும். அதே ஆற்றில் படகு விடும் இன்னொருவருக்குத் தெரியும். ஆட்களைக் கொண்டுவந்து இறக்கும் வண்டிக்காரருக்குத் தெரியும். நனைந்து நடுங்கித் திரும்பி வருபவர்களுக்கு அறை கொடுக்கும் விடுதிக்காரருக்குத் தெரியும். கயிறு எத்தனை வருடப் பழசு, வானம் கறுத்த பிறகும் யார் ஆள் ஏற்றுகிறார், யாரிடம் கைடுகள் ஒரு சீசனுக்கு மேல் தங்குவதில்லை என்பதெல்லாம் உள்ளூரில் எல்லோரும் அறிந்த செய்தி. வெளியூரிலிருந்து வருபவருக்கு மட்டும்தான் அது எட்டாது. அதை எட்ட வைக்கும் வழிகளில் எனக்குத் தெரிந்து மிக நம்பகமானது, அந்த இடத்துத் தொழில் சங்கம்.

இணைய மதிப்புரைகள் இந்த வேலையைச் செய்யாது. "கைடு கலகலப்பாகப் பேசினார், போட்டோ நன்றாக எடுத்துக் கொடுத்தார்" என்று எழுதுகிறவர் ஒரே ஒரு நாள் போனவர். அன்றைக்கு ஆறு அமைதியாக இருந்திருக்கும். கயிற்றைக் கட்டிய பிடிமானம் உறுதியாக இருந்ததா என்று பார்க்க அவருக்குத் தெரியாது. தெரிய வேண்டிய தேவையும் இல்லை. இருநூறு பேர் ஐந்து நட்சத்திரம் கொடுத்திருந்தால், அந்த இருநூறு நாளும் ஒன்றும் நடக்கவில்லை என்பது மட்டுமே உறுதி.

ஆனால் சங்கம் என்ற சொல்லுக்குள் மூன்று வெவ்வேறு அமைப்புகள் இருக்கின்றன. இவற்றைக் குழப்பிக்கொள்வதால்தான் பெரும்பாலானோர் ஏமாறுகிறார்கள்.

முதலாவது, பொதுவான வணிகர் சங்கம் அல்லது வர்த்தக சபை. இது பழைய அமைப்பு. பிரான்சின் மார்சேய் நகரில் 1599-லேயே ஒன்று தொடங்கிவிட்டது. கடை வைத்திருப்பவர், லாரி ஓட்டுபவர், ராஃப்டிங் நடத்துபவர் என்று பதிவு பெற்ற தொழில் வைத்திருக்கும் எவரும் ஆண்டுச் சந்தா கட்டி இதில் சேரலாம். படகைச் சோதிக்கவோ கைடுக்குத் தேர்வு வைக்கவோ இங்கே ஆள் கிடையாது. ஆகவே வர்த்தக சபை உறுப்பினர் என்பது பாதுகாப்புச் சான்று ஆகாது. அது வேறொன்றைச் சொல்கிறது: இந்தப் பெயரில் இப்படி ஒரு நிறுவனம் உண்மையிலேயே இருக்கிறது, இன்ன முகவரியில் இயங்குகிறது, இத்தனை ஆண்டாகச் சந்தா கட்டி வருகிறது. சாதாரணமாகத் தோன்றினாலும் இது பெரிய வடிகட்டி. முன்பணம் வாங்கிக்கொண்டு மறைந்துவிடும் போலி நிறுவனங்களில் பெரும்பாலானவை இந்த முதல் படியிலேயே நின்றுவிடும்.

சந்தா கட்டுகிறவரையே மதிப்பிடுவது எந்தச் சங்கத்துக்கும் சங்கடமான வேலை என்பதையும் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். 1912-லிருந்து இயங்கும் அமெரிக்காவின் பெட்டர் பிசினஸ் பியூரோ உலகின் பழம்பெரும் நுகர்வோர் நம்பிக்கை அமைப்புகளில் ஒன்று. நிறுவனங்களுக்கு ஏ, பி என்று எழுத்தால் தரம் போடுவது அதன் வேலைகளில் ஒன்று. காசு கட்டியவர்களுக்கு நல்ல தரம் கொடுத்தார்கள் என்ற குற்றச்சாட்டு எழுந்து, 2013-ல் அது தன் லாஸ் ஏஞ்சலஸ் பகுதிக் கிளையையே வெளியேற்றியது. ஒரு கிளையையே நீக்கும் துணிவு இருந்தது என்பது அந்த அமைப்புக்குச் சாதகமான செய்திதான். ஆனாலும் தர எழுத்தை மட்டும் பார்த்துவிட்டு நகரக் கூடாது. அதற்குக் கீழே இருக்கும் புகார்களையும், நிறுவனம் அவற்றுக்கு என்ன பதில் எழுதியிருக்கிறது என்பதையும் படிக்க வேண்டும்.

இரண்டாவது, பயணத் தொழில் சங்கம். டிராவல் ஏஜென்ட்களும் டூர் ஆபரேட்டர்களும் சேர்ந்து நடத்துவது. இதன் உண்மையான பலம் பணப் பாதுகாப்பு. 1950-ல் தொடங்கிய பிரிட்டனின் ஆப்டா போன்ற சங்கங்கள், உறுப்பினர் நொடித்துப்போனால் வாடிக்கையாளரின் பணம் போய்விடாதபடி நிதி உத்தரவாதம் கேட்கின்றன. விமானத்துடன் சேர்ந்த சுற்றுலாவுக்கு அங்கே ஆட்டோல் என்ற தனி உரிமத் திட்டம் இருக்கிறது. 2019 செப்டம்பர் 23 அன்று தாமஸ் குக் நிறுவனம் சரிந்தபோது, வெளிநாடுகளில் சிக்கிக்கொண்ட 1,40,000-க்கும் அதிகமான பிரிட்டன் பயணிகளை அந்நாட்டு விமானப் போக்குவரத்து ஆணையம் திரும்பக் கூட்டிவந்தது. நூற்று எழுபது ஆண்டுகளுக்கு மேல் பழமையான நிறுவனமே ஒரே இரவில் மூடப்படலாம் என்றால், நிறுவனத்தின் பெயரை விட அதன் பின்னால் இருக்கும் உத்தரவாதத்தைத்தான் முதலில் கேட்க வேண்டும். ஐரோப்பிய ஒன்றியத்திலும் 2018 ஜூலை முதல் நடைமுறையில் இருக்கும் தொகுப்புச் சுற்றுலா விதிகள், நிறுவனம் நொடித்தால் பணத்துக்குப் பாதுகாப்பு இருக்க வேண்டும் என்கின்றன.

இங்கேதான் அடிக்கடி ஒரு குழப்பம் வருகிறது. ஐஏடிஏ (விமான நிறுவனங்களின் சர்வதேசச் சங்கம்) அங்கீகாரம் என்று முகப்பில் பெரிதாகப் போட்டிருப்பார்கள். அது விமான டிக்கெட் விற்பதற்கான அங்கீகாரம். அதை வைத்திருப்பவர் உங்களைக் கயிற்றில் இறக்கத் தகுதியானவரா என்பதைப் பற்றி அதற்கு எந்தச் சம்பந்தமும் இல்லை.

மூன்றாவது, அந்தச் செயலுக்கென்றே இருக்கும் தொழில்நுட்பச் சங்கம்: மலை வழிகாட்டிகள் சங்கம், ராஃப்டிங் கூட்டமைப்பு, பாராகிளைடிங் சங்கம், உயரக் கயிற்றுப் பூங்கா நடத்துபவர்கள் சங்கம். உயிருக்குத் தொடர்புள்ள கேள்விகளுக்குப் பதில் சொல்லக்கூடியது இதுதான். மலை வழிகாட்டிகளுக்கு 1965-ல் தொடங்கிய ஐஎஃப்எம்ஜிஏ என்ற சர்வதேசக் கூட்டமைப்பு இருக்கிறது. ஒவ்வொரு நாட்டுச் சங்கமும் அதன் தரத்துக்கு ஏற்பப் பயிற்சியும் தேர்வும் நடத்தி அட்டை கொடுக்கும். ராஃப்டிங்கில் சர்வதேச ராஃப்டிங் கூட்டமைப்பு கைடுகளுக்கு ஆற்றின் தரத்துக்கு ஏற்பச் சான்று தருகிறது. ஆற்றின் கொந்தளிப்பை 1 முதல் 6 வரை தரம் பிரிப்பார்கள். 2-ஆம் தர நீருக்குச் சான்று பெற்றவர் 4-ஆம் தர நீரில் ஆள் ஏற்றினால், சான்று உண்மையாக இருந்தும் பயனில்லை. சான்று இருக்கிறதா என்பதோடு, எந்த அளவுக்கான சான்று என்றும் கேட்க வேண்டும்.

சரி, சரிபார்ப்பது எப்படி? புறப்படுவதற்கு மூன்று நான்கு வாரம் முன்பே தொடங்கிவிடுங்கள். சீசன் ஆரம்பித்துவிட்டால் சங்க அலுவலகத்தில் யாரும் பதில் எழுத நேரம் வைத்திருக்க மாட்டார்கள். சிறிய சங்கங்களில் செயலாளரே ஒரு நிறுவனம் நடத்துபவராக இருப்பார். அவரும் ஆற்றில்தான் இருப்பார்.

நிறுவனத்தின் இணையதளத்தில் இருக்கும் சங்க முத்திரையைச் சொடுக்கிப் போகாதீர்கள். முத்திரை ஒரு படம் மட்டுமே. அதை யார் வேண்டுமானாலும் ஒட்டலாம், அந்தச் சுட்டி எங்கே வேண்டுமானாலும் போகலாம். சங்கத்தின் தளத்தைத் தனியாகத் தேடித் திறந்து, அதன் உறுப்பினர் பட்டியலில் நிறுவனத்தின் பெயரைத் தேடுங்கள். சில சமயம் கிடைக்காது. உடனே போலி என்று முடிவு கட்ட வேண்டாம். வாடிக்கையாளருக்குக் காட்டும் பெயர் ஒன்று, பதிவுப் பெயர் இன்னொன்று என்பது இத்தொழிலில் சகஜம். பில்லிலோ, தளத்தின் அடியில் இருக்கும் விதிமுறைப் பக்கத்திலோ, வங்கிக் கணக்கு விவரத்திலோ பதிவுப் பெயர் இருக்கும். அதை வைத்து மறுபடி தேடுங்கள்.

பட்டியலில் பெயர் கிடைத்ததும் நான்கு விஷயங்களைப் பொருத்திப் பாருங்கள். முகவரி ஒன்றா? உறுப்பினர் வகை என்ன: முழு உறுப்பினரா, இணை உறுப்பினரா? இணை உறுப்பினர் என்பது பல சங்கங்களில் பொருள் விற்பவர், விடுதிக்காரர், ஆலோசகர் போன்றவர்களுக்கான இடம். முழு உறுப்பினருக்கு உள்ள பாதுகாப்பு நிபந்தனைகள் அவர்களுக்கு இருக்காது. உறுப்பினர் காலம் எந்தத் தேதியோடு முடிகிறது? கடைசியாக, பட்டியலில் இருக்கும் தொலைபேசி எண்ணும் வாட்ஸ்அப்பில் உங்களிடம் பேசிக்கொண்டிருக்கும் எண்ணும் ஒன்றா? வேறாக இருந்தால் பட்டியலில் உள்ள எண்ணுக்கு நீங்களே அழைத்து, "இந்தப் பதிவு உங்கள் நிறுவனத்தில் நடந்ததுதானா?" என்று கேளுங்கள். நல்ல நிறுவனத்தின் பெயரைத் திருடி வேறு ஆள் முன்பணம் வாங்கும் மோசடி இந்த ஒரு அழைப்பில் வெளிவந்துவிடும். பணம் அனுப்பச் சொல்லும் கணக்கு தனி ஆள் பெயரில் இருந்து, பட்டியலில் நிறுவனப் பெயர் இருந்தால், காரணம் எழுத்தில் வரும் வரை பணம் அனுப்பக் கூடாது.

மிக அதிகமாகக் காணப்படும் தவறு அப்பட்டமான பொய் கிடையாது, காலாவதிதான். மூன்று வருடத்துக்கு முன் சந்தா கட்டி முத்திரை வாங்கியிருப்பார்கள். பிறகு புதுப்பித்திருக்க மாட்டார்கள். முத்திரை மட்டும் தளத்திலும் வண்டியிலும் பேனரிலும் அப்படியே தொங்கும். காரணம் பணமாக இருக்கலாம், சங்கத்துக்குள் சண்டையாக இருக்கலாம், புதுப்பிக்க வேண்டிய காப்பீட்டுச் சான்றைத் தர முடியாததாகவும் இருக்கலாம். இந்தக் கடைசிக் காரணம் உங்களுக்கு முக்கியம். அதனால் ஏன் புதுப்பிக்கவில்லை என்று நிறுவனத்திடம் நேராகவே கேட்டுவிடுங்கள்.

அடுத்து, சங்கத்துக்கு ஒரு மின்னஞ்சல். இதை எழுதுபவர்கள் மிகக் குறைவு, பலனோ மிக அதிகம். நீளமாக எழுதினால் பதில் வராது. இப்படி இருந்தால் போதும்:

"வணக்கம். இன்ன பதிவுப் பெயர், இன்ன உறுப்பினர் எண் கொண்ட நிறுவனம் மூலம், இன்ன தேதியில், இன்ன இடத்தில் ராஃப்டிங் செல்ல 6 பேர் பதிவு செய்ய இருக்கிறோம். எங்கள் குழுவில் 12 வயதுச் சிறுவர் இருவர் இருக்கிறார்கள். 1) இந்த நிறுவனம் இன்றைய தேதியில் முழு உறுப்பினரா, எந்த ஆண்டிலிருந்து? 2) உறுப்பினர் ஆவதற்குக் காப்பீட்டுச் சான்றும் கைடுகளின் சான்றும் கட்டாயமா, அவற்றை ஆண்டுதோறும் சரிபார்க்கிறீர்களா? 3) உபகரணங்களை நேரில் பார்வையிடுகிறீர்களா, இந்த நிறுவனத்தைக் கடைசியாக எப்போது பார்வையிட்டீர்கள்? 4) கடந்த மூன்று ஆண்டில் இதன் மீது ஒழுங்கு நடவடிக்கை ஏதும் உண்டா? ஆம் அல்லது இல்லை என்று மட்டும் சொன்னாலும் போதும்."

நான்காவது கேள்வியின் கடைசி வாக்கியத்தை விட்டுவிடாதீர்கள். விசாரணையில் இருக்கும் புகாரின் விவரத்தைச் சங்கம் வெளியில் சொல்ல முடியாது. சொன்னால் வழக்கு வரும் என்ற பயம் நியாயமானது. ஆம், இல்லை என்று கேட்டால் பதில் சொல்ல வழி கிடைக்கிறது. "எங்களால் கருத்துச் சொல்ல இயலாது" என்று வந்தால் அதுவும் ஒரு பதில்தான். மற்ற மூன்று கேள்விகளுக்கு விவரமாகப் பதில் எழுதியவர் இதற்கு மட்டும் ஒதுங்கினால், வேறு நிறுவனம் பாருங்கள்.

மூன்றாவது கேள்விக்கு நேர்மையான சங்கங்களில் பல "நாங்கள் நேரில் பார்வையிடுவதில்லை" என்றே எழுதும். அதற்காக வருத்தப்பட வேண்டாம். சங்கம் எதைச் செய்கிறது, எதைச் செய்வதில்லை என்று தெரிந்துகொண்டால், மீதியை எங்கே சரிபார்க்க வேண்டும் என்பது தெளிவாகிவிடும்.

தொலைபேசியில் பேசினால் இன்னும் நல்லது. ஆனால் "யார் நல்ல ஆபரேட்டர்?" என்று கேட்காதீர்கள். உறுப்பினர்களுக்குள் பாரபட்சம் காட்டக் கூடாது என்பதால் எல்லோரும் நல்லவர்கள் என்ற பதில்தான் வரும். கேள்வியைத் திருப்பிப் போடுங்கள்: "போன சீசனில் தண்ணீர் ஏறியபோது முதலில் பயணத்தை ரத்து செய்தது யார்?" இந்தக் கேள்விக்கு உள்ளூர் ஆட்கள் தயங்காமல் பதில் சொல்வார்கள், ஏனென்றால் இது யாரையும் குறை சொல்லும் கேள்வி கிடையாது. ரத்து செய்தவரின் பெயர் மரியாதையோடு வரும். இதே கேள்வியை அந்த இடத்து விடுதி உரிமையாளர் சங்கத்திலும், வாகன ஓட்டுநர் சங்கத்திலும் கேளுங்கள். மூன்று இடத்திலும் ஒரே பெயர் வந்தால் உங்கள் தேடல் முடிந்தது என்றே சொல்லலாம். விடுதிக்காரரிடம் கேட்கும்போது மட்டும் ஒரு எச்சரிக்கை: ஆள் அனுப்பினால் கமிஷன் என்ற ஏற்பாடு பரவலாக உண்டு. "நான் ஏற்கெனவே வேறு இடத்தில் பதிவு செய்துவிட்டேன், அவர்கள் எப்படி?" என்று கேட்டால் கமிஷன் கணக்கு விலகி உண்மைக் கருத்து வரும்.

ரத்து செய்யும் துணிவை ஏன் இவ்வளவு வலியுறுத்த வேண்டும் என்றால், 1999 ஜூலை 27 அன்று சுவிட்சர்லாந்தில் இண்டர்லாக்கன் அருகே சாக்ஸட்டன் ஓடையில் நடந்ததுதான் காரணம். குறுகிய மலைப்பள்ளத்து ஓடையில் நடந்தும் குதித்தும் கீழே இறங்கும் கேன்யனிங் விளையாட்டுக்குப் போன குழு மீது, மேலே பெய்த இடிமழையின் வெள்ளம் திடீரென்று இறங்கியது. 21 பேர் இறந்தார்கள். அவர்களில் 3 பேர் கைடுகள். பள்ளத்துக்குள் நிற்பவர்களுக்கு மேல்பகுதியில் பெய்யும் மழை தெரியாது. தண்ணீர் கலங்கி மட்டம் உயர்வதைப் பார்க்கும்போது ஏறி வெளியேற நேரம் இருக்காது. உபகரணம் எவ்வளவு நல்லதாக இருந்தாலும் இந்த ஆபத்தை அது தடுக்காது. போகாமல் இருப்பது ஒன்றே தடுக்கும். சுவிட்சர்லாந்தில் மலை வழிகாட்டல், சாகச விளையாட்டுகள் பற்றிய சட்டம் 2014-ல் நடைமுறைக்கு வந்தது.

சங்கத்தோடு சேர்த்து அரசுப் பதிவேட்டையும் பாருங்கள், இருக்கும் நாடுகளில். நியூசிலாந்தில் அந்நாட்டு விதிகளின்படி சாகச விளையாட்டு நடத்துபவர்கள் பாதுகாப்புத் தணிக்கையில் தேறிப் பதிவேட்டில் இடம்பெற வேண்டும். அந்தப் பதிவேட்டை யாரும் இணையத்தில் பார்க்கலாம். உரிமம் அரசு கொடுப்பது, உறுப்பினர் தகுதி சங்கம் கொடுப்பது, சான்று தனி ஆளுக்குப் பயிற்சி அமைப்பு கொடுப்பது. ஒன்று இருப்பதால் மற்றொன்று இருப்பதாக ஆகாது. "நாங்கள் ஐஎஸ்ஓ அங்கீகாரம் பெற்றவர்கள்" என்ற வாசகத்தையும் இப்படியே பிரித்துப் பார்க்க வேண்டும். ஐஎஸ்ஓ தரநிலைகளை எழுதி வெளியிடும் அமைப்பு. அது யாருக்கும் சான்று கொடுப்பதில்லை. தனிச் சான்றிதழ் நிறுவனங்கள்தான் கொடுக்கும். சாகசச் சுற்றுலாவின் பாதுகாப்பு மேலாண்மைக்கான தரநிலை ஐஎஸ்ஓ 21101. வெறும் 9001 என்றிருந்தால் அது எல்லாத் தொழிலுக்கும் பொதுவான தர மேலாண்மைச் சான்று. எந்த எண், எந்த நிறுவனம் கொடுத்தது, எந்தத் தேதி வரை என்று கேளுங்கள்.

காப்பீடு பற்றிக் கேட்டால் "எல்லாம் இருக்கிறது சார்" என்ற பதிலோடு நிறுத்திக்கொள்ளாதீர்கள். காப்பீட்டுச் சான்றின் நகலைக் கேளுங்கள். ஒரே பக்கம்தான் இருக்கும். காப்பீடு எடுத்தவர் பெயர் நிறுவனத்தின் பதிவுப் பெயரோடு பொருந்த வேண்டும். நீங்கள் போகும் தேதி காலத்துக்குள் வர வேண்டும். செயல்பாடுகளின் பட்டியலில் நீங்கள் செய்யப்போகும் விளையாட்டின் பெயர் இருக்க வேண்டும். இந்த மூன்றாவதில்தான் பெரும்பாலும் இடிக்கும். அலுவலகக் கட்டடத்துக்கும் வண்டிக்கும் எடுத்த காப்பீட்டைக் காட்டிவிடுவார்கள். அல்லது மலைநடை மட்டும் பட்டியலில் இருக்கும். கயிற்றில் இறங்குவது விலக்குப் பட்டியலில் இருக்கும். சில சங்கங்கள் உறுப்பினர்களுக்குக் குழுக் காப்பீடு எடுத்துக் கொடுக்கும். அது நல்ல ஏற்பாடுதான், ஆனால் வெளியிலிருந்து நாள்கூலிக்கு அழைத்துவரும் கைடுகளை அது உள்ளடக்குகிறதா என்று சங்கத்திடமே கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். சீசன் உச்சத்தில் உங்களோடு வருபவர் அப்படிப்பட்ட ஒருவராக இருக்க வாய்ப்பு அதிகம்.

அதனால்தான் நிறுவனத்தைச் சரிபார்த்த பிறகு ஆளையும் சரிபார்க்க வேண்டும். "அன்றைக்கு எங்களை அழைத்துப் போகப்போவது யார், அவருடைய சான்று எண் என்ன?" என்று பயணத்துக்கு ஒரு வாரம் முன் எழுதிக் கேளுங்கள். ஸ்கூபாவில் பெரிய பயிற்சி அமைப்புகள் பயிற்றுநரின் எண்ணைத் தங்கள் தளத்திலேயே சரிபார்க்க வழி வைத்திருக்கின்றன. அங்கே பெயர் வந்தால் மட்டும் போதாது. கற்பிக்கும் தகுதி இப்போது நடப்பில் இருக்கிறதா என்று பாருங்கள். பல வருடத்துக்கு முன் தேறியவர் ஆண்டுப் புதுப்பிப்பைக் கைவிட்டிருந்தால் அங்கே தெரிந்துவிடும். முதலுதவியிலும் அளவு முக்கியம். காட்டுப்பகுதி முதலுதவி என்ற அடிப்படைப் பயிற்சி சுமார் 16 மணி நேரம். ஒயில்டர்னஸ் ஃபர்ஸ்ட் ரெஸ்பாண்டர் எனப்படும் அடுத்த நிலைப் பயிற்சி 70 முதல் 80 மணி நேரம். ஆம்புலன்ஸ் வரும் சாலையிலிருந்து ஒரு நாள் நடைதூரத்தில் கால் முறிந்தால் இந்த வேறுபாடு உறைக்கும்.

இத்தனையும் சரியாக இருந்து அங்கே போய் நிற்கும்போது, காகிதத்தில் சொன்னது கையில் இருக்கிறதா என்று பார்க்க ஐந்து நிமிடம் போதும். லைஃப் ஜாக்கெட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். உள்பக்கம் தைத்த ஒரு துணிப்பட்டை இருக்கும். அதில் எத்தனை நியூட்டன் மிதப்பு, எத்தனை கிலோ எடைக்கு என்று அச்சிட்டிருக்கும். ஐஎஸ்ஓ 12402 வரிசைப்படி 50 நியூட்டன் என்பது நீச்சல் தெரிந்து, உதவி அருகில் இருப்பவருக்கான மிதவை உடை. நினைவிழந்தவரின் முகத்தை வானம் பார்க்கத் திருப்பிப் போடாது. 100 நியூட்டன் அமைதியான, கரையோர நீருக்கு. 150 நியூட்டன் கடலுக்கு. பட்டையில் எழுத்து அழிந்திருந்தால் அந்த ஜாக்கெட் யாருக்குப் பொருந்தும் என்று கொடுப்பவருக்கே தெரியாது. எல்லா பக்கிளையும் மாட்டி இறுக்கிவிட்டு, இன்னொருவரைத் தோள்பட்டையைப் பிடித்து மேலே இழுக்கச் சொல்லுங்கள். காதுவரை ஏறினால் அது பெரியது; தண்ணீரில் கழன்று மேலே போய்விடும். சிறுவர்களுக்குப் பெரியவர் ஜாக்கெட்டை இறுக்கிக் கட்டிக் கொடுத்தால் மறுத்துவிடுங்கள். அதே கையோடு ஹெல்மெட்டின் உள்ளேயும் பாருங்கள்: கொந்தளிக்கும் ஆற்றில் விளையாட ஈஎன் 1385, மலையேற்றத்துக்கு ஈஎன் 12492 என்ற ஐரோப்பியத் தரநிலை எண் இருக்க வேண்டும். சைக்கிள் ஹெல்மெட் ஒரே ஒரு மோதலைத் தாங்கி நொறுங்கும்படி செய்யப்பட்டது, பாறை நிறைந்த ஆற்றுக்கு அது உதவாது. கயிற்றோடு இணைக்க உடலில் மாட்டும் பட்டையான ஹார்னஸில் தயாரித்த ஆண்டைத் தேடுங்கள். துணியால் ஆன உபகரணங்களுக்கு, பயன்படுத்தாமல் வைத்திருந்தாலும், தயாரிப்பாளர்களில் பலர் வைக்கும் உச்ச ஆயுள் 10 ஆண்டு. ஒழுங்காக நடத்துபவரிடம் ஒவ்வொரு கயிறும் எப்போது வாங்கியது, எப்போது சோதித்தது என்று ஒரு பதிவேடு இருக்கும். காட்டச் சொன்னால் பெருமையாகவே எடுத்து வைப்பார்.

சங்கத்தில் இல்லாதவர்களை என்ன செய்வது? ஒதுக்கிவிடாதீர்கள். இரண்டு மூன்று பேராகச் சேர்ந்து சிறியதாக, சிறப்பாக நடத்துபவர்கள் சந்தா கட்ட முடியாமல் வெளியில் இருப்பதுண்டு. அவர்களிடம் உரிமமும் காப்பீடும் தனிச் சான்றும் கேளுங்கள். மூன்றும் இருந்தால் முத்திரை இல்லாதது குறையே இல்லை. சங்கத்துக்கே தொலைபேசியில் அழைத்து, "இவர் உங்கள் உறுப்பினர் இல்லை என்று தெரியும், இவரை உங்களுக்குத் தெரியுமா?" என்றும் கேட்கலாம். போட்டியாளர்கள் நடத்தும் சங்கமே "நல்ல ஆள்தான், உறுப்பினராக இல்லை, அவ்வளவுதான்" என்று சொன்னால் அதைவிடப் பெரிய நற்சான்று கிடைக்காது.

போலிச் சங்கங்களும் உண்டு. பெயரில் "சர்வதேச" இருக்கும், உறுப்பினர் ஐந்தே பேர் இருப்பார்கள், அலுவலக முகவரி அந்த ஐவரில் ஒருவருடையதாக இருக்கும். உண்மையான சங்கத்தின் தளத்தில் நிர்வாகக் குழுவின் பெயர்கள், சேர்க்கை நிபந்தனைகள், நடத்தை விதிகள், புகார் கொடுக்கும் முறை நான்கும் வெளிப்படையாக இருக்கும். புகார் பகுதி இல்லாத சங்கம் விளம்பரத்துக்காகக் கூடியது என்றே எடுத்துக்கொள்ளுங்கள்.

பயணம் முடிந்து வந்த பிறகும் ஒரு வேலை மீதி இருக்கிறது. யாருக்கும் அடிபடாவிட்டாலும், பார்த்த குறையைச் சங்கத்துக்கு எழுதுங்கள்: அறுந்த பக்கிள், சொன்னவருக்குப் பதில் வந்த வேறு கைடு, புயல் எச்சரிக்கை இருந்தும் புறப்பட்டது. தேதி, நேரம், இடம், கைடின் பெயர், பதிவு எண், பணம் கட்டிய ரசீது, எடுத்த படங்கள் இவற்றை இணைத்து, கண்ணால் பார்த்ததை மட்டும் எழுதுங்கள். கோபமும் பட்டப்பெயரும் கலந்தால் குழுவின் முன் அந்தக் கடிதம் வலுவிழந்துவிடும். முதலில் நிறுவனத்துக்கு எழுதி, அதன் பதிலையும் சேர்த்து அனுப்பச் சொல்லும் சங்கங்கள் உண்டு. புகாருக்குக் காலக்கெடு வைத்திருப்பவையும் உண்டு. அதனால் ஊர் திரும்பிய வாரத்திலேயே விதியைப் படித்துவிட்டு எழுதுவது நல்லது. புகார் எண் வாங்கிக்கொள்ளுங்கள். அடுத்த சீசனில் இன்னொருவர் அதே சங்கத்துக்கு "ஒழுங்கு நடவடிக்கை ஏதும் உண்டா?" என்று எழுதும்போது, செயலாளர் புரட்டிப் பார்க்கும் கோப்பில் உங்கள் கடிதமும் இருக்கும்.